ஆயிரம் முகம் கொண்ட நடிகர்

அமெரிக்க நடிகர் லான் சேனி புகழ் பெற்றது ஊமைப்படக் காலத்தில். அப்போது திரையில் யார் வாய் திறந்தாலும் சத்தம் வராது. முகமும் கையும்தான் கதை சொல்ல வேண்டும். அந்த வித்தையை அவர் நாடகக் கம்பெனியில் கற்கவில்லை. தாயாரின் கட்டிலுக்கு அருகில் கற்றார்.

கொலராடோ மாநிலத்தில் கொலராடோ ஸ்பிரிங்ஸ் என்ற ஊரில், 1883-ம் ஆண்டு ஏப்ரல் 1-ந் தேதி சேனி பிறந்தார். தகப்பனார் முடி திருத்துபவர். அவருக்குக் காது கேட்காது. தாயாருக்கும் கேட்காது. ஆகவே வீட்டில் பேச்செல்லாம் கை ஜாடைதான்.

பையனுக்குப் பத்து வயது ஆவதற்குள் தாயார் வாத நோயால் படுத்த படுக்கையானார். சேனி பள்ளிக்கூடத்தை விட்டு நின்றார். தாயாருக்குப் பணிவிடை செய்தார். ஊரில் யார் எப்படி நடந்தார், யாருக்கு யார் மேல் கோபம் என்று தினமும் நடித்துக் காட்டுவார். படுக்கையில் கிடந்த தாய்க்கு வெளி உலகம் தெரிந்தது மகன் முகத்தில்தான்!

மனைவி போன பாதை

1902-ல் அண்ணனோடு மேடை ஏறினார். பிறகு ஊர் ஊராகப் போகும் நாடகக் கம்பெனிகளில் ஆடினார், கோமாளி வேஷம் போட்டார். கிளீவா என்ற இளம் பாடகியை மணந்தார். 1906-ல் மகன் கிரைட்டன் பிறந்தான்.

கணவன், மனைவி இடையே சச்சரவு முற்றியது. 1913 ஏப்ரலில் லாஸ் ஏஞ்சலீஸ் நகரில், சேனி வேலை பார்த்த கொட்டகைக்கே வந்து கிளீவா விஷம் குடித்துவிட்டார். உயிர் பிழைத்தது. ஆனால் குரல் போய்விட்டது. பாட்டையே நம்பி இருந்தவர், பாவம்!

இருவரும் விவாகரத்து செய்துகொண்டனர். ஊர் சிரித்தது. சேனிக்கு நாடக மேடையில் இடம் இல்லாமல் போயிற்று. வேறு வழியின்றி சினிமாவுக்குப் போனார். சிறு சிறு வேஷங்கள்தான் கிடைத்தன. மகனை விடுதியில் விட்டிருந்தார். 1915-ல் ஹேசல் என்ற பெண்ணை மணந்த பிறகே பிள்ளையை வீட்டுக்கு அழைத்து வந்தார்.

வலி தாங்கிய வேஷங்கள்

1920-ல் வந்த "தி பெனால்டி" படத்தில் இரண்டு காலும் இல்லாத ரவுடித் தலைவன் வேஷம். சேனி கால்களைப் பின்னால் மடக்கி வாரால் இறுக்கிக் கட்டிக்கொண்டு, முழங்காலால் நடந்தார். ரத்த ஓட்டம் தடைப்படும். சிறிது நேரத்துக்கு மேல் தாங்காது. அவிழ்த்துவிட்டு, வலி தணிந்ததும் மறுபடி கட்டிக்கொள்வார்.

1923-ல் "நாட்டர்டாம் கூனன்" படத்தில் கோயில் மணி அடிக்கும் கூனனாக நடித்தார். மணி ஓசையே கூனனின் காதைச் செவிடாக்கிவிட்டது என்பது கதை. காது கேளாத தாய் தகப்பனோடு வளர்ந்தவருக்கு அந்த வேஷத்தை யார் சொல்லித் தர வேண்டும்?

1925-ல் "ஆபராவின் ஆவி" படம் வந்தது. அதில் சேனியின் முகம் மண்டை ஓடு போல இருந்தது. படம் வெளிவரும் வரை கம்பெனி அந்த முகத்தை ரகசியமாக வைத்திருந்தது. எல்லா மேக்கப்பும் அவரே போட்டுக்கொண்டதுதான். பிரிட்டானிக்கா கலைக்களஞ்சியத்தில் மேக்கப் பற்றிய கட்டுரையை அவரைக்கொண்டே எழுத வைத்தார்கள். பாதியில் பள்ளியை விட்டவர்! வழியில் சிலந்தியைக் கண்டால் மிதிக்காதே, அது சேனியாக இருக்கலாம் என்று ஜனங்கள் கேலி பேசினார்கள்.

ஒரே பேசும் படம்

பேசும் படம் வந்ததும் நடிகர்கள் பலர் உடனே அதற்கு மாறினார்கள். சேனி தயங்கினார். கடைசியில் 1930-ல், முன்பு ஊமைப்படமாக நடித்த "தி அன்ஹோலி திரீ" கதையிலேயே பேசி நடித்தார். ஒரு குரல் அல்ல, ஐந்து குரல்! கிழவி, கிளி, பொம்மை எல்லாம் அவர் குரலே. வேறு யாரும் பின்னணி பேசவில்லை என்று சத்தியப் பத்திரத்தில் கையெழுத்தும் போட்டுக் கொடுத்தார்.

அதற்குள் புற்றுநோய் அவரைப் பிடித்திருந்தது. கடைசி நாட்களில் பேச்சு நின்றுவிட்டது. தாயாரிடம் பேசியது போலவே, பக்கத்தில் இருந்தவர்களிடம் கை ஜாடையால் பேசினார். 1930 ஆகஸ்ட் 26-ந் தேதி காலமானார். வயது 47.

மகன் சினிமாவுக்கு வருவது சேனிக்குப் பிடிக்கவில்லை. தகப்பனார் இறந்த பிறகே கிரைட்டன் நடிக்க வந்தார். பிற்பாடு லான் சேனி ஜூனியர் என்று பெயரையும் மாற்றிக்கொண்டார். 1941-ல் "ஓநாய் மனிதன்" படத்தில் உடம்பெல்லாம் ரோமத்தோடு வந்து ஜனங்களை நடுங்க வைத்தவர் அவரே.