சிரிக்க வைத்த கலைவாணர்

படம் பார்க்கும்போது உங்களை யார் சிரிக்க வைப்பார்கள்? உங்கள் தாத்தாவின் அப்பா காலத்தில் எல்லாரையும் சிரிக்க வைத்தவர் என். எஸ். கிருஷ்ணன்.

அவர் 1908-ஆம் ஆண்டு நாகர்கோவில் பக்கத்தில் ஒழுகினசேரியில் பிறந்தார். வீட்டில் காசு இல்லை. அதனால் ரொம்ப நாள் படிக்க முடியவில்லை. நாடகக் கொட்டகையில் தின்பண்டம் விற்றார். விற்றுக்கொண்டே நாடகமும் பார்த்தார். பிறகு நாடகக் குழுவில் சேர்ந்து நடிகர் ஆனார். வில்லுப்பாட்டும் பாடினார்.

1936-இல் 'சதிலீலாவதி' படத்தில் நடித்தார். எம்.ஜி.ஆருக்கு அதுதான் முதல் படம்! கிருஷ்ணனும் அவர் மனைவி டி. ஏ. மதுரமும் நிறையப் படங்களில் சேர்ந்து நடித்தார்கள். குடி கெட்டது, மூடநம்பிக்கை வேண்டாம் என்று சிரிப்போடு சொன்னார்கள்.

1944-இல் பெரிய கஷ்டம் வந்தது. ஒரு கொலை வழக்கில் கிருஷ்ணனைப் போலீஸ் பிடித்தது. சிறைத் தண்டனையும் கிடைத்தது. மதுரம் சும்மா இருக்கவில்லை. வழக்கை விடாமல் நடத்தினார். அது லண்டன் வரைக்கும் போனது. கடைசியில், 1947-இல், அவர் குற்றவாளி இல்லை என்று நீதிமன்றம் சொன்னது.

வெளியே வந்தவர் முகத்தைத் தூக்கி வைத்துக்கொள்ளவில்லை. திரும்பவும் நடித்தார். 1949-இல் 'நல்லதம்பி' வந்தது. உதவி கேட்டு வந்தவர்களுக்கு இல்லை என்று சொல்லாமல் கொடுத்தார்.

1957-இல் அவர் இறந்தார். அப்போது வயது 48தான். மக்கள் அவரைக் 'கலைவாணர்' என்று கூப்பிட்டார்கள். சென்னையில் கலைவாணர் அரங்கம் இருக்கிறது. அங்கே போனால், அந்தப் பெயர் யாருடையது என்று இனி நீங்களே சொல்லலாம்.

பேசுவோம்: கஷ்டம் வந்த பிறகும் மற்றவர்களைச் சிரிக்க வைப்பது லேசான வேலையா? அம்மா அப்பாவிடம் கேளுங்கள்.