பதவி பறிக்கப்பட்ட ஆங்கிலேய அதிகாரி காங்கிரஸுக்கு வித்திட்ட வரலாறு: ஏ.ஓ. ஹியூமின் வாழ்க்கைப் பயணம்

புது தில்லி: இந்திய தேசிய காங்கிரஸ் உருவாக முதன்மைக் காரணமாக இருந்தவர்களில் ஒருவர் ஆலன் ஆக்டேவியன் ஹியூம். பிரிட்டிஷ் அரசின் குடிமைப் பணியில் 30 ஆண்டுகளுக்கும் மேலாகப் பணியாற்றியவர் அவர். ஆட்சியாளர்களின் செவிக்கு எட்டாத மக்களின் குறைகள் எங்கு கொண்டு சேர்க்கும் என்பதைத் தம் பணிக்காலத்திலேயே நேரில் கண்டவர்.

1829-ஆம் ஆண்டு பிறந்த ஹியூமின் தந்தை ஜோசப் ஹியூம், சீர்திருத்தக் கருத்துகளுக்குப் பெயர்பெற்ற பிரிட்டிஷ் நாடாளுமன்ற உறுப்பினர். ஹெய்லிபரி கல்லூரியில் பயின்ற ஹியூம், 1849-இல் இந்தியா வந்து வங்காள குடிமைப் பணியில் சேர்ந்தார். இன்றைய உத்தரப் பிரதேசத்தில் உள்ள எட்டாவா மாவட்டத்தில் பணியமர்த்தப்பட்டார்.

அங்கு அவர் முதன்மை அளித்தது கல்விக்கு. 1857-க்குள் 181 பள்ளிகள் தொடங்கப்பட்டன. 5,186 பேர் பயின்றனர். அவர்களுள் சிறுமியர் இருவர் மட்டுமே. மதுவின் மூலம் அரசு வருவாய் ஈட்டுவதையும் ஹியூம் கடுமையாக எதிர்த்தார்.

1857-இல் வெடித்த கிளர்ச்சி எட்டாவாவையும் எட்டியது. ஹியூம் ஆக்ரா கோட்டையில் சுமார் 6 மாதங்கள் தஞ்சம் புக நேர்ந்தது. 1858-ஆம் ஆண்டின் தொடக்கத்தில் திரும்பிய அவர், கிளர்ச்சியாளர்களுக்கு எதிராகப் படை திரட்டிப் போரிட்டார். அப்பணிக்காக 1860-இல் அரசின் விருதும் பெற்றார்.

அவரது பணி வாழ்வில் முரண்பாடுகளும் உண்டு. 1867-இல் உள்நாட்டுச் சுங்க ஆணையராக நியமிக்கப்பட்ட அவர், உப்பு வரியை வசூலிப்பதற்காக நாட்டின் குறுக்கே எழுப்பப்பட்டிருந்த முள்வேலியை வலுப்படுத்தினார். ஏழைகளின் உணவில் சேரும் உப்புக்கு வரி விதித்த அமைப்பின் தலைமைப் பொறுப்பில் இருந்தவர் அவர் என்பது மறைக்க இயலாத உண்மை.

1871-இல் மேயோ பிரபுவின் ஆட்சியில் வருவாய், வேளாண்மை, வணிகத் துறை தொடங்கப்பட்டபோது அதன் செயலராக ஹியூம் பொறுப்பேற்றார். உழவர்களின் நலனை மையமாகக் கொண்ட வேளாண் துறை தேவை என்பது அவரது நிலைப்பாடு. ஆனால் துறையின் கவனம் வருவாயிலேயே நிலைத்தது. 1876 முதல் 1878 வரை சென்னை மாகாணம் உள்ளிட்ட பகுதிகளைப் பெரும் பஞ்சம் வாட்டியது. லிட்டன் பிரபுவின் ஆட்சியில் அரசின் கொள்கைகளை ஹியூம் வெளிப்படையாக விமர்சித்து வந்த நிலையில், 1879-இல் அவர் செயலர் பதவியிலிருந்து நீக்கப்பட்டு, மாகாணப் பணிக்குத் திருப்பி அனுப்பப்பட்டார். அதே ஆண்டில் அத்துறையும் கலைக்கப்பட்டது. பஞ்ச ஆணையத்தின் பரிந்துரைக்குப் பின்னர், 1881-இல் வேளாண் துறை மீண்டும் அமைக்கப்பட்டது. ஹியூம் 1882-இல் ஓய்வு பெற்றார்.

பறவையியலிலும் அவர் முன்னோடியாக விளங்கினார். ஆனால் பல ஆண்டுகளாகத் திரட்டிய கையெழுத்துப் பிரதிகள், சிம்லா இல்லத்திலிருந்து பணியாளர் ஒருவரால் பழைய தாள்களாக விற்கப்பட்டன. மனமுடைந்த ஹியூம், சுமார் 80,000 பறவைப் பதனங்களும் முட்டைகளும் அடங்கிய தம் சேகரிப்பை 1885-இல் பிரிட்டிஷ் அருங்காட்சியகத்துக்கு வழங்கினார். மணிப்பூரின் மாநிலப் பறவைக்கு அவரது மனைவியின் நினைவாகப் பெயர் சூட்டப்பட்டுள்ளது.

இதனிடையே, 1883-இல் கல்கத்தா பல்கலைக்கழகப் பட்டதாரிகளுக்குத் திறந்த மடல் எழுதிய ஹியூம், நாட்டுக்காக உழைக்க முன்வருமாறு அவர்களை அழைத்தார். அதன் தொடர்ச்சியாக 1885 டிசம்பர் 28 அன்று மும்பையில் 72 பிரதிநிதிகளுடன் காங்கிரஸின் முதல் மாநாடு கூடியது. டபிள்யூ.சி. பானர்ஜி தலைமை வகித்தார். சென்னையைச் சேர்ந்த ஜி. சுப்பிரமணிய ஐயர் முதல் தீர்மானத்தை முன்மொழிந்தார். ஹியூம் பொதுச் செயலராகப் பணியாற்றினார்.

பேரரசைக் காக்கும் நோக்கிலேயே காங்கிரஸை அவர் உருவாக்கினாரா என்பது குறித்து வரலாற்று ஆய்வாளர்களிடையே இன்றும் விவாதம் தொடர்கிறது. 1892-இல் உழவர் கிளர்ச்சி மூளக்கூடும் என எச்சரித்து அவர் அனுப்பிய சுற்றறிக்கையை, காங்கிரஸ் தலைவர்களே ஏற்க மறுத்தனர் என்பது குறிப்பிடத்தக்கது.

1894-இல் இங்கிலாந்து திரும்பிய ஹியூம், தெற்கு லண்டனில் தாவரவியல் நிறுவனம் ஒன்றைத் தொடங்கினார். 1912 ஜூலை 31 அன்று காலமானார். அவரது நினைவாக இந்திய அஞ்சல் துறை 1973-இல் தபால்தலை வெளியிட்டது.