துத்தநாகப் பூ ‘ஜிங்க் ஆக்சைடு’ ஆனது எப்படி? கில்லட்டினில் முடிந்த லவாய்சியரின் கதை

துத்தநாகப் பூ, ஆண்டிமனி வெண்ணெய்... 18-ம் நூற்றாண்டு வேதியியல் மாணவர்கள் மனப்பாடம் செய்த பெயர்கள் இவை. சமையல் குறிப்பு மாதிரி இருக்குல்ல?

பாரிஸைச் சேர்ந்த லவாய்சியர், ஃபூர்குருவா உள்ளிட்ட 3 பேருடன் சேர்ந்து 1787-ல் இதை மாற்றினார். உள்ளே என்ன தனிமம் இருக்கிறதோ, அதுவே பெயர். துத்தநாகப் பூ, ஜிங்க் ஆக்சைடு ஆனது. கந்தக அமிலத்தில் ஆக்சிஜன் அதிகம் என்றால் சல்ஃப்யூரிக், குறைவு என்றால் சல்ஃப்யூரஸ். வார்த்தையின் வாலைப் பார்த்தாலே போதும்.

அவரும் ஒரு இடத்தில் சறுக்கினார். எல்லா அமிலத்திலும் இருக்கும் என நம்பி, ‘அமிலத்தை உண்டாக்குவது’ என்ற பொருளில்தான் ஆக்சிஜனுக்குப் பெயர் வைத்தார். ஹைட்ரோகுளோரிக் அமிலத்தில் அது கிடையவே கிடையாது! பெயர் மட்டும் நிலைத்துவிட்டது.

மன்னருக்காக வரி வசூலித்த தனியார் நிறுவனத்தில் லவாய்சியர் பங்குதாரர். பிரெஞ்சுப் புரட்சியில் அதுவே எமனானது. 1794 மே 8-ல் கில்லட்டினில் தலை வெட்டப்பட்டது. வயது 50. ஃபூர்குருவா அப்போது புரட்சி அரசின் மன்ற உறுப்பினர். நண்பரைக் காப்பாற்றவில்லை என்ற பழி அவர் மீது விழுந்தது.