இலையின் பெயர் பூண்ட அமிலம்

மதுரை மாநகரின் மேற்பால், வையையாற்றின் தென்கரையை அடுத்து விளங்குவது ஆரப்பாளையம். அதன் வீதிகளில் முருங்கை, அகத்தி, அரைக்கீரை, பசலை எனக் கீரைகளின் பெயரைக் கூவி விற்பாரைக் காணலாம். அப்பகுதியில் வாழும் கருவுற்ற மகளிர்க்கு, தமிழ்நாட்டின் பிற ஊர்களிற் போலவே, அரசினர் மருத்துவ நிலையத்தில் இரும்புச்சத்து மாத்திரைகளை வழங்குவர். அம்மாத்திரையின் உறையில் இரும்பின் பெயரை அடுத்து ‘ஃபோலிக் அமிலம்’ என்னும் பெயர் காணப்படும். கூடையிலுள்ள கீரைக்கும் உறையிலுள்ள அப்பெயர்க்கும் உள்ள உறவைப் பலர் அறியார். ‘ஃபோலியம்’ என்பது இலத்தீன் மொழியில் இலையைக் குறிக்கும் சொல். இலையினின்றும் பிரித்தெடுக்கப்பட்டமையால் அவ்வமிலம் அப்பெயர் பெற்றது. இலக்கண நூலார் கூறும் காரணப்பெயருக்கு இது நல்லதோர் எடுத்துக்காட்டாகும். முதலில் நிற்கும் ஆய்தத்தை விட்டு எழுதினாலோ, ‘போலி’ என்னும் சொல்லோடு மயங்கிப் பொருள் கெடும். அப்போலிக்கும் இவ்வரலாற்றில் ஓர் இடம் உண்டு.

இவ்வமிலத்தை ஆய்வுக்கூடத்திலேயே ஆக்கிக் காட்டிய அறிஞர் குழுவிற்குத் தலைவராக இருந்தவர், நம் சென்னையில் கல்வி பயின்றவர். அவர் எல்லாப்பிரகட சுப்பாராவ் ஆவார்.

சுப்பாராவ் 1895-ஆம் ஆண்டு சனவரித் திங்கள் 12-ஆம் நாள், அந்நாளில் சென்னை மாகாணத்தைச் சேர்ந்திருந்த பீமவரம் என்னும் ஊரிற் பிறந்தார். தந்தையார் நோயுற்று வேலையை விட்டமையால், குடும்பத்தை வறுமை சூழ்ந்தது. பதின்மூன்றாம் வயதில் இவர் வீட்டைவிட்டு ஓடிக் காசிக்குச் சென்று, யாத்திரிகர்க்கு வாழைப்பழம் விற்றுப் பொருள் ஈட்ட எண்ணினார். வழியிலேயே பிடித்துக் கொண்டுவரப்பட்டார். கல்வியிலும் இவர் தொடக்கத்தில் சிறந்து விளங்கினாரல்லர். மெட்ரிகுலேசன் தேர்வில் இருமுறை தவறி, மூன்றாம் முறையே வெற்றி பெற்றார். பிற்காலத்தில் உலகறிந்த அறிஞராக விளங்கியோர் எல்லாம் பள்ளியில் முதல்வராக இருந்தனர் என்று கருதுவோர் இதனை எண்ணிப் பார்த்தல் நன்று.

சென்னை மாநிலக் கல்லூரியில் பயிலுங்கால் இவர் உள்ளம் துறவு நெறியில் ஈடுபட்டது. இராமகிருட்டிண மடத்தைச் சேர்ந்து துறவியாக விரும்பினார், தாயார் இசைந்திலர். பின்னர்ச் சென்னை மருத்துவக் கல்லூரியிற் சேர்ந்தார். அது காந்தியடிகளின் அறைகூவல் நாடெங்கும் ஒலித்த காலம். சுப்பாராவ் அறுவை மருத்துவக் கூடத்திலும் கதராடையே அணிந்தார். அறுவை மருத்துவப் பேராசிரியராக இருந்த ஆங்கிலேயர்க்கு அது பிடிக்கவில்லை. அதன் விளைவாகச் சுப்பாராவுக்கு முழு மருத்துவப் பட்டம் வாய்க்காது, அதனினும் தாழ்ந்த எல்.எம்.எஸ். பட்டமே கிடைத்தது. அரசினர் மருத்துவப் பணியிற் சேரும் வழி அடைபட்டது. சென்னை ஆயுர்வேதக் கல்லூரியில் உடற்கூறு கற்பிக்கும் ஆசிரியராக அமர்ந்தார்.

இவர் வாழ்வின் போக்கை மாற்றியது ஒரு நோய். ‘ஸ்புரூ’ என்று மேனாட்டார் அழைக்கும் அந்நோய், நம் நாட்டு வைத்தியர் கூறும் கிராணிக் கழிச்சலை ஒத்தது. உண்ட உணவின் சத்து உடலிற் சேராது கழிய, நாக்குப் புண்ணாகி, குருதி குன்றி, உடல் தேய்ந்து நோயாளி மடிவான். சுப்பாராவின் உடன்பிறந்தார் இருவர் அடுத்தடுத்து அந்நோய்க்கு இரையாயினர். பின்னர் அது சுப்பாராவையும் பற்றியது. ஆசண்ட இலட்சுமிபதி என்னும் ஆயுர்வேத மருத்துவரின் மருந்தால் இவர் உயிர் பிழைத்தார். மருத்துவம் கற்றும் உடன்பிறந்தாரைக் காக்க இயலாத துயரம் இவர் நெஞ்சை விட்டு நீங்கவில்லை. அந்நோயின் காரணம் எது, மருந்து எது என ஆராயும் வேட்கை மிகுந்தது.

மாமனாரின் பொருளுதவியும் அறநிலையம் ஒன்றின் ஆதரவும் துணை நிற்க, 1922-ஆம் ஆண்டு அக்டோபர்த் திங்களில் சுப்பாராவ் அமெரிக்க நாட்டுப் பாஸ்டன் நகரை அடைந்தார். ஆர்வர்டுப் பல்கலைக்கழகத்தில் வெப்பநாட்டு மருத்துவம் பயிலலானார். கையிருப்பு விரைவிற் கரைந்தது. மருத்துவமனை ஒன்றில் இரவு நேரத்தில் நோயாளர் கலங்களைத் தூய்மை செய்யும் பணியை ஏற்று, பகலிற் பயின்றார். ஊரில் விட்டு வந்த மனைவியார்க்கு மகன் பிறந்தான். தந்தை முகம் காணாமலே அக்குழந்தை இறந்துபட்டது. சில ஆண்டுகளில் திரும்பும் எண்ணத்தோடு சென்றவர், தாய்நாட்டிற்குப் பின்னர் ஒருநாளும் திரும்பினாரல்லர்.

உயிர்வேதியியல் என்பது உயிர்களின் உடலில் நிகழும் வேதி மாற்றங்களை ஆராயும் இயல். அத்துறையில் பிஸ்கே என்னும் அறிஞரோடு சேர்ந்து, குருதி முதலியவற்றில் உள்ள பாஸ்பரசின் அளவை நீல நிறத்தின் செறிவு கொண்டு அறியும் முறையை இவர் வகுத்தார். 1925-ஆம் ஆண்டில் வெளிவந்த அம்முறை ‘பிஸ்கே சுப்பாராவ் முறை’ என இருவர் பெயராலும் வழங்குகின்றது.

அம்முறை கருவியாக அமைய, அவ்விருவரும் தசையினுள் மறைந்திருந்த பொருள்களைத் தேடினர். 1927-இல் பாஸ்போகிரியேட்டின் என்னும் பொருளையும், 1929-இல் அடினோசின் டிரைபாஸ்பேட்டு என்னும் பொருளையும் வெளிப்படுத்தினர். பின்னதனை அதே ஆண்டில் செருமனியில் லோமன் என்பாரும் தனித்துக் கண்டறிந்தார். இந்நெடும்பெயர்களைக் கண்டு மாணவர் அஞ்ச வேண்டுவதில்லை. நம் தொகைச்சொற்களைப் பிரிப்பது போலப் பிரித்தால் பொருள் தானே விளங்கும். கிரியேட்டின் என்பது இறைச்சியைக் குறிக்கும் கிரேக்கச் சொல்லினின்று பிறந்தது. பாஸ்பரசுடைய தொகுதி சேர்ந்த கிரியேட்டினே பாஸ்போகிரியேட்டின். டிரை என்பது மூன்று. அடினோசின் என்னும் பொருளோடு பாஸ்பேட்டுகள் மூன்று கோத்து நிற்பது அடினோசின் டிரைபாஸ்பேட்டு. அது ஏ.டி.பி. எனச் சுருங்கியும் வழங்கும்.

ஆயினும் பெயரின் பொருள் வேறு. பொருளின் தொழில் வேறு. பெயர் அதன் உறுப்புகளை மட்டுமே கூறும். அம்மூன்றனுள் கடைசிப் பாஸ்பேட்டு பிரியும்போது வெளிப்படும் ஆற்றலாலேயே தசை சுருங்குகிறது என்பதும், உயிரணுக்களின் வேலைகள் பலவும் நடைபெறுகின்றன என்பதும் பெயரினின்று அறியப்படுவன அல்ல. அதனால் ஆசிரியர்கள் அதனை உயிரணுவின் நாணயம் என்று உவமையால் விளக்குவர். கூலியாகப் பெற்ற நெல்லைக் காசாக்கிய பின்னரே கடையில் வேண்டியதை வாங்க இயலும். உண்ட உணவின் ஆற்றலும் இந்நாணயமாக மாறிய பின்னரே உடலிற் செலவாகும்.

இத்துணைப் பெருஞ்செயல் ஆற்றியும் ஆர்வர்டில் சுப்பாராவுக்கு நிலையான பதவி கிட்டவில்லை. அது கிட்டாமை அப்பல்கலைக்கழகத்திற்கே இழப்பாயிற்று. 1940-இல் நியூயார்க்கு மாநிலத்தில் பேர்ல் ரிவர் என்னும் ஊரிலிருந்த லெடர்லே ஆய்வுக்கூடத்திற்கு இவர் சென்றார். விரைவில் அதன் ஆராய்ச்சித் தலைவரானார். அங்கேதான் இலையின் அமிலம் இவர் கைக்கு வந்தது.

அவ்வமிலத்தின் கதை நம் நாட்டில் தொடங்குவதாகும். பம்பாயில் ஆலைத்தொழிலாளர் குடும்பங்களைச் சேர்ந்த கருவுற்ற மகளிர் பலர் கொடிய குருதிக் குறைவால் வாடினர். இலூசி வில்ஸ் என்னும் ஆங்கிலப் பெண் மருத்துவர் அங்கு வந்து ஆராய்ந்து, ஈஸ்டுச் சாறு அந்நோயைப் போக்குவதை 1931-இல் எடுத்துரைத்தார். அச்சாற்றிலிருந்து பயன் தந்த பொருள் எதுவென அறியாமையால், அதனை ‘வில்ஸ் காரணி’ என்றனர். குரங்குகளை வைத்து ஆராய்ந்தவர் அதற்கு ஒரு பெயரிட்டனர். கோழிக்குஞ்சுகளை வைத்து ஆராய்ந்தவர் மற்றொரு பெயரிட்டனர். நுண்ணுயிர்களை வளர்த்து ஆராய்ந்தவர் வேறொரு பெயரிட்டனர். ஒரு பொருளுக்குப் பல சொல் வழங்குவது செய்யுளுக்கு அழகு. ஆராய்ச்சிக்கோ அது பெருந்தடை. 1941-இல் டெக்சாசுப் பல்கலைக்கழகத்தார், நம் பசலையை ஒத்த ‘ஸ்பினாச்’ என்னும் கீரையை நான்கு டன் அளவு கொணர்ந்து, அதனின்று சிறிதளவு அமிலத்தைப் பிரித்து, ஃபோலிக் அமிலம் எனப் பெயர் சூட்டினர்.

நான்கு டன் கீரையிற் சிறிதளவே கிடைக்கும் பொருளை நோயாளர்க்கு மருந்தாக வழங்குவது எங்ஙனம்? சுப்பாராவின் குழுவினர் கல்லீரலினின்று அதனைத் தூய்மையாகப் பிரித்தனர். அதன் அமைப்பை ஆராய்ந்தனர். 1945-இல் கீரையும் கல்லீரலும் வேண்டாமலே அதனை ஆய்வுக்கூடத்தில் ஆக்கினர். அச்செய்தியை வெளியிட்ட கட்டுரையில் பதினாறு பெயர்கள் உள்ளன. அவற்றுள் ஒன்றாக இடையில் நிற்கிறது சுப்பாராவின் பெயர். அமைப்பு விளங்கியபின் அமிலத்திற்கு ‘டெராயில் குளூட்டாமிக் அமிலம்’ என்னும் வேதியியற் பெயரும் அமைந்தது. ‘டெரான்’ என்பது கிரேக்கத்தில் சிறகு. அவ்வகைப் பொருள்கள் முதலில் வண்ணத்துப்பூச்சியின் சிறகில் காணப்பட்டன. ‘குளூட்டாமிக்’ என்பது கோதுமையின் பசைப்பொருளால் வந்த பெயர். இலையும் சிறகும் கோதுமையும் கூடிய அப்பெயரைக் காட்டிலும் இலை ஒன்றே அமைந்த பெயர்தான் மக்கள் நாவில் நிலைத்தது.

இங்ஙனம் எளிதிற் கிடைக்கலான ஃபோலிக் அமிலத்தை மருத்துவர் பல நோய்க்கும் அளித்துப் பார்த்தனர். அது ஸ்புரூ நோயாளரையும் எழுந்து நடமாடச் செய்தது. சுப்பாராவின் உடன்பிறந்தார் இருவரைக் கொன்ற அதே நோய்! மருந்து வந்தது, அவர்கட்கு அது கால் நூற்றாண்டு பிந்தி வந்தது.

ஃபோலிக் அமிலம் இன்றேல் உயிரணு புதிதாகப் பெருகாது. இந்த உண்மையே மற்றொரு மருந்துக்கும் வித்தாயிற்று. குருதிப் புற்றில் வெள்ளணுக்கள் வரம்பின்றிப் பெருகும். பாஸ்டன் நகரத்துக் குழந்தை மருத்துவ அறிஞர் பார்பர், அவ்வமிலத்தைச் சார்ந்த பொருள்கள் அந்நோயை மிகுவிப்பதைக் கண்டார். அங்ஙனமாயின் அமிலத்தின் செயலைத் தடுத்தால் நோய் அடங்குமன்றோ? சுப்பாராவின் குழுவினர் அதற்குரிய பொருளைச் செய்தளித்தனர். ஃபோலிக் அமிலத்தில் ஓரிடத்தில் நின்ற அணுத்தொகுதியை நீக்கி, அமினோத் தொகுதியை அவ்விடத்தில் வைத்து ‘அமினோப்டெரின்’ என்னும் பொருளை ஆக்கினர். இலக்கணத்தில் பந்தல் என்பது பந்தர் என நின்றாலும் பொருள் மாறாது; அதனைப் போலி என்கிறோம். இப்போலியோ அத்தகையதன்று. ஓரிடம் மாறியதும் தொழில் தலைகீழாயிற்று. உயிரணு இதனை உண்மை அமிலம் என மயங்கி ஏற்கும். பூட்டினுள் சிக்கிய பொய்ச்சாவி போல இது நின்று, உண்மை அமிலம் தன் வேலையைச் செய்யவொட்டாது தடுக்கும். உயிரணுவின் பெருக்கம் நிற்கும்.

1948-ஆம் ஆண்டு சூன் திங்களில் பார்பர் தம் ஆய்வை வெளியிட்டார். மருந்து பெற்ற 16 குழந்தைகளுள் 10 குழந்தைகள் சில காலமேனும் நலமுற்றனர். நோய் மீண்டும் வந்தது மெய்யே. ஆயினும் அதுவரை அந்நோய் கண்ட குழந்தைகளின் பெற்றோர்க்கு மருத்துவர் கூறத்தக்க ஆறுதல் ஒன்றும் இருந்ததில்லை. அமினோப்டெரினின் உடன்பிறப்பு எனத்தக்க மெத்தோட்ரெக்சேட்டு புற்றுநோய்க்கும் மூட்டுவாத நோய்க்கும் இந்நாளிலும் மருந்தாகப் பயன்படுகின்றது.

யானைக்கால் நோய்க்குக் காரணமான புழுக்களை ஒழிக்கும் ‘எட்ரசான்’ என்னும் மருந்தும் 1947-இல் இவர் தலைமையிலேயே தோன்றியது. டக்கர் என்னும் தாவர அறிஞர் இவர் ஆதரவிற் கண்ட பொன்னிற மருந்தாகிய ஆரியோமைசின் 1948-இல் வழக்கிற்கு வந்தது. பொன் என்பதற்குரிய இலத்தீன் சொல்லே அப்பெயரின் முதலில் நிற்கிறது.

பார்பரின் ஆய்வு வெளிவந்து இரு திங்கள் கழிந்தன. 1948-ஆம் ஆண்டு ஆகஸ்டுத் திங்களில் ஓர் இரவு உறங்கச் சென்ற சுப்பாராவ் எழவில்லை. அப்போது அவர்க்கு வயது 53. இந்தியர் அமெரிக்கக் குடியுரிமை பெறுதற்கு 1946-இல் சட்டம் வழி வகுத்தும், அவர் அதனைப் பெறாமல் இந்தியராகவே இறந்தார். பிறந்த நூற்றாண்டாகிய 1995-இல் இந்திய அரசு அவர் உருவம் பொறித்த அஞ்சல் தலையை வெளியிட்டது. அதற்குப் பல்லாண்டு முன்னரே, பூஞ்சை ஆராய்ச்சியாளர் ஒரு பூஞ்சை இனத்திற்கு அவர் பெயரை இட்டிருந்தனர். அதன் பெயர் சுப்பாரோமைசிஸ்.