ஓட்டவீரர் டாம் லாங்போட்

இரயில் வண்டி வருமுன்னர், தபால் மூட்டையைத் தோளிற் சுமந்து, சலங்கை கட்டிய கோலைக் கையிலேந்திக் காட்டுவழியே ஓடிய அஞ்சற்காரரைப் பற்றி நம் முன்னோர் சொல்லி வழங்கக் கேட்டிருக்கிறோம். ஆகையால் ஓடிக் கூலி பெறுவது நமக்குப் புதுமையன்று. ஆனால் கடிதமுமின்றிச் சரக்குமின்றி, வெறும் ஓட்டத்தையே ஜனங்களுக்குக் காட்டி, அதனால் ஜீவனம் செய்தவர்களும் உலகில் உண்டு. அவர்களுள் தலைசிறந்தவரென நாம் கருதும் டாம் லாங்போட் என்பாரின் சரித்திரத்தை நம் வாசகர்களுக்கு, முக்கியமாய்த் தறியில் அமர்ந்து முன்பணக் கணக்கை நினைந்திருக்கும் பவானி அன்பர்களுக்கு, எடுத்துரைக்க விரும்புகிறோம். காரணம் போகப்போக விளங்கும்.

கனடா தேசத்து ஒன்டாரியோ மாகாணத்தில், கிராண்ட் என்னும் நதியையடுத்து, அத்தேசத்துப் பூர்வகுடிகளாகிய ஆறு நாட்டாருக்கென ஒதுக்கப்பட்ட பூமி ஒன்றுண்டு. நம் கொங்குமண்டலத்தை 24 நாடுகளாக எண்ணி வழங்குவதை இங்கே சிலர் நினைவுகூரலாம். ஒப்புமை முழுதும் பொருந்தாதெனினும், பல நாட்டார் ஒரே சபையாய்க் கூடிய வழக்கம் இரண்டிடத்தும் உண்டு. அந்த ஆறு நாட்டாருள் ஒனொண்டாகா வகுப்பில், 1887-ம் வருஷத்தையொட்டி, லாங்போட் பிறந்தார். தகப்பனார் இளமையிலேயே காலமானார். குடும்பம் ஏழ்மையானது. பூர்வகுடிப் பிள்ளைகளை அவர்கள் தாய்மொழியையும் வழிபாட்டையும் மறக்கச் செய்வதற்கென்றே நடத்தப்பட்ட விடுதிப் பள்ளியொன்றில் சிறுவரைச் சேர்த்தார்கள். அவர் அங்கிருந்து ஓடிப்போனார்; பிடித்துக் கொண்டுவந்தார்கள்; மறுபடியும் ஓடினார். அவருடைய முதல் ஓட்டம் இதுவே என்று சொன்னால் பிழையாகாது.

1906-ம் வருஷம் ஹாமில்டன் நகரில் வளைகுடாவைச் சுற்றி நடக்கும் 19 மைலுக்குச் சற்று மேற்பட்ட பந்தயத்தில் வென்று பெயர் பெற்றார். மறுவருஷம் ஏப்ரல் 19-ந் தேதி, அமெரிக்காவின் பாஸ்டன் மாரத்தானில், குளிரிலும் சேற்றிலும் ஓடி, 2 மணி 24 நிமிஷம் 24 விநாடியில் முதல்வராய் வந்தார். அக்காலத்தில் அப்பாதை ஏறக்குறைய 24½ மைல். முன்னிருந்த சிறந்த நேரத்தைச் சுமார் ஐந்து நிமிஷம் குறைத்துவிட்டார். 1908-ல் லண்டன் ஒலிம்பிக் பந்தயத்திலோ, முன்னணியில் ஓடிக்கொண்டிருந்தவர் இருபதாவது மைலளவில் தள்ளாடி நின்றுவிட்டார். வெயிலென்றனர் சிலர், மருந்து கொடுத்துக் கெடுத்தனரென்றனர் வேறு சிலர். அப்பந்தயத்தில்தான் இத்தாலியரான டொராண்டோ பியெத்ரி எல்லைக்கோட்டருகே பலமுறை விழுந்து, பிறர் தாங்கிக் கொண்டுசேர்த்ததால் பரிசிழந்தார்.

அவர் தோற்றவிதத்தைக் கேட்டு உலகமே உருகிற்று. அவ்வுருக்கத்தைக் காசாக்க வியாபாரிகள் தாமதிக்கவில்லை. நியூயார்க்கின் மாடிஸன் ஸ்கொயர் கார்டன் என்னும் மண்டபத்துக்குள்ளே வட்டப்பாதை அமைத்து, டிக்கெட்டு விற்று, இருவரை மட்டும் 26 மைல் 385 கஜம் ஓடவிடும் வழக்கம் பிறந்தது. புகையும் கூச்சலும் நிறைந்த அவ்விடத்தில் மைலுக்குப் பத்துச் சுற்று வீதம் ஓடவேண்டும். ஒருமுறை பணம் வாங்கியவர் பின்பு ஒலிம்பிக் முதலிய கூலியில்லாப் பந்தயங்களுக்குத் திரும்ப முடியாது என்பது அக்காலத்து விதி. லாங்போட் அந்த வாசலைக் கடந்தார். 1908 டிசம்பர் 15-ந் தேதி டொராண்டோவை எதிர்த்தார். கடைசி மைலில் டொராண்டோ சாய்ந்தார். அடுத்த மாதம் பஃபலோ நகரிலும் அவரையே வென்றார். 1909 பிப்ரவரி 5-ந் தேதி இங்கிலாந்தின் ஆல்பிரட் ஷ்ரப் பல சுற்றுகள் முந்திச் சென்றபோது, அவசரப்படாமல் தம் நடையிலேயே ஓடினார். முடிவுக்குச் சிறிது முன் ஷ்ரப் பாதையைவிட்டு விலகிவிட்டார்.

புகழ் இப்படியிருக்க, ஒப்பந்தச் சீட்டு வேறொருவர் பெட்டியிலிருந்தது. அவருடைய மானேஜர் அதை விற்றுவிட்டார். வாங்கியவர் 700 டாலருக்கு இன்னொருவரிடம் தள்ளினார். கைமாறிய சரக்கு மனிதர்! கடன் தீருமட்டும் அடுத்த முதலாளியின் தறிக்குப் போகவியலாத நெசவாளருக்கு இதை விரித்துரைக்க வேண்டுவதில்லை. இதிலும் கொடியது ஒன்றுண்டு. லாங்போட் ஒருநாள் கடுமையாக ஓடினால் மறுநாள் நெடுந்தூரம் நடந்து உடலை ஆறவிடுவார். மானேஜர்களும் பத்திரிகைக்காரரும் இதைச் சோம்பல் என்றார்கள். பூர்வகுடியினரின் சுபாவமே அப்படியென்று ஒரு வகுப்பின்மேலேயே பழி சுமத்தினார்கள். கடும்பயிற்சியையும் இளைப்பாறலையும் மாற்றி மாற்றிச் செய்வது இன்று எல்லா நெடுந்தூர ஓட்டக்காரருக்கும் கற்பிக்கப்படும் பாடம். அன்று அதைத் தம் உடலிலிருந்தே கற்றவரை மடியரென்றது எவ்வளவு அநியாயம்!

கடைசியில் லாங்போட் தம் ஒப்பந்தத்தைத் தாமே விலைகொடுத்து வாங்கிக்கொண்டார். அதன் பிறகு அவருடைய வேகம் குறையவில்லை, கூடிற்று. 1912-ல் 15 மைலை 1 மணி 18 நிமிஷம் 10 விநாடியில் ஓடி, தொழில்முறை ஓட்டக்காரருள் அதுவரை எவரும் எட்டாத நேரத்தை எட்டினார். இச்செய்தியை அவரைச் சோம்பேறியென்றவர்கள் எப்படிப் படித்தார்களோ!

மாரத்தான் மோகம் சீக்கிரமே தணிந்தது. யுத்தம் வந்தது, 1916-ல் படையிற் சேர்ந்து பிரான்ஸில் போர்முனைகளுக்கிடையே செய்தி கொண்டோடினார். அவர் இறந்துபோனாரென்று ஊரில் தவறான செய்தி பரவ, மனைவியார் வேறொருவரை மணந்துகொண்டார். திரும்பி வந்தவர் பின்பு மறுமணம் செய்து நான்கு மக்களைப் பெற்றார். டொரான்டோ நகரசபையின் வீதித் துப்புரவுப் பகுதியில் வேலை பார்த்து, அவர்களை வளர்த்தார். பழைய வீரர் தெருக் கூட்டுகிறாரென்று பத்திரிகைகள் இரங்கி எழுதின. மாதந்தோறும் கைக்கு வரும் சம்பளம், அதில் பங்கு கேட்க மானேஜர் எவருமில்லை. இரங்கத்தக்க நிலையாக இது நமக்குத் தோன்றவில்லை.

முதுமையில் ஆறு நாட்டார் பூமிக்கே திரும்பினார். 1949 ஜனவரி 9-ந் தேதி நுரையீரற் காய்ச்சலால் காலமானார். பூர்வகுடி விளையாட்டு வீரருக்கு அவர் பெயரால் விருதளிக்கும் ஏற்பாடு 1951-ல் தொடங்கிற்று. 2000-ல் கனடா தபால் இலாகா அவர் உருவம் பொறித்த தபால் தலையொன்றை வெளியிட்டது.