பஞ்சாங்கத்துக்குக் கணக்குப் பார்த்தவர்

லெம்பா பெர்த்தாமில் எங்கள் வீட்டுச் சமையலறைச் சுவரில் ஒரு நாட்காட்டி தொங்குகிறது. ஒரே கட்டத்துக்குள் ஆங்கிலத் தேதி, தமிழ்த் தேதி, சீனத் தேதி, ஹிஜ்ரித் தேதி எல்லாம் இருக்கும். தை முதல் நாளில் சூரியன் வடக்கு நோக்கித் திரும்புகிறது என்று தமிழ்ப்பள்ளியில் படித்தேன். அது டிசம்பர் 22 வாக்கிலேயே நடந்துவிடுகிறது என்று பிறகு புவியியலில் படித்தேன். இரண்டுக்கும் நடுவே 23 நாள் இடைவெளி. தேயிலைத் தோட்டத்தில் ஆண்டு முழுவதும் கொழுந்து பறிக்கிறார்கள். கோடை, பனிக்காலம் என்று எங்களுக்குத் தனியாக ஏதும் இல்லை. அதனால் எது சரி என்று அப்போது யோசிக்கவே இல்லை.

கற்பனை உலகக் கதைகளிலும் கணினி விளையாட்டுகளிலும் புதுப்புது நாட்காட்டிகளை உருவாக்குகிறார்கள். உண்மையான ஒரு நாட்டுக்கே நாட்காட்டி வகுக்கும் வேலை ஒரு விஞ்ஞானியிடம் வந்தது. அவர் மேக்நாத் சாஹா. என் கேள்விக்கான விடையும் அவரிடம்தான் இருந்தது.

சாஹா 1893 அக்டோபர் 6-ஆம் தேதி, இன்றைய வங்காளதேசத்தில் டாக்காவுக்கு அருகே ஒரு கிராமத்தில் பிறந்தார். அப்பா ஜகந்நாத் சிறிய மளிகைக் கடை வைத்திருந்தார். எட்டுப் பிள்ளைகளில் இவர் ஐந்தாவது. தொடக்கப்பள்ளி முடிந்ததும் மகன் கடையில் உட்கார வேண்டும் என்பதே அப்பாவின் எண்ணம். மேலே படிக்க ஊரில் பள்ளியும் இல்லை. சுமார் 10 கிலோமீட்டர் தள்ளியிருந்த சிமுலியாவில் அனந்த குமார் தாஸ் என்ற மருத்துவர் தம் வீட்டில் இடமும் சாப்பாடும் கொடுத்தார். அந்த உதவியால் படிப்பு தொடர்ந்தது.

உதவித்தொகை பெற்று டாக்காவில் அரசுப் பள்ளியில் சேர்ந்தார். 1905-இல் வங்காளப் பிரிவினை வந்தது. ஆங்கிலேய ஆளுநரின் வருகையைப் புறக்கணித்த மாணவர்களோடு 12 வயது சாஹாவும் சேர்ந்துகொண்டார். பள்ளியிலிருந்து நீக்கப்பட்டார், உதவித்தொகையும் போனது. வேறு பள்ளியில் சேர்ந்து படித்து, 1911-இல் கல்கத்தா பிரெசிடென்சி கல்லூரிக்குள் நுழைந்தார். சத்யேந்திரநாத் போஸ் அவருடைய வகுப்புத் தோழர். ஆனால் மாணவர் விடுதியில் சாதியைக் காட்டி, சாஹாவோடு ஒரே கூடத்தில் உட்கார்ந்து சாப்பிடச் சிலர் மறுத்தார்கள்.

1920-இல் அவர் கண்டுபிடித்த சமன்பாடு இன்றும் அவர் பெயராலேயே அழைக்கப்படுகிறது. நட்சத்திரங்களின் ஒளியைப் பிரித்துப் பார்த்தால் ஒவ்வொன்றிலும் வெவ்வேறு கோடுகள் தெரியும். அவற்றில் உள்ள பொருள்கள் வேறு என்பதைவிட, அவற்றின் வெப்பநிலை வேறு என்பதே இதற்கு முக்கியக் காரணம் என்று அந்தச் சமன்பாடு காட்டியது. 1927-இல் லண்டன் ராயல் சொசைட்டி அவரை உறுப்பினராக்கியது.

1952-இல் நாடாளுமன்றத்துக்குத் தேர்வானார். அதே ஆண்டு, நாட்காட்டிச் சீர்திருத்தக் குழுவுக்குத் தலைவராக நியமிக்கப்பட்டார். அப்போது இந்தியாவில் ஏறக்குறைய 30 வகைப் பஞ்சாங்கங்கள் புழக்கத்தில் இருந்தன. ஊருக்கு ஊர் ஆண்டுப் பிறப்பு மாறியது.

குழு கண்ட குறை எளிய கணக்கில் அடங்கும். பழைய நூலான சூரிய சித்தாந்தத்தின் ஆண்டு, பருவங்கள் ஒரு சுற்று முடியும் காலத்தைவிடச் சுமார் 24 நிமிடம் நீளம். 24 நிமிடம் 60 ஆண்டில் ஒரு முழு நாளாகிவிடும். நம் பிரபவ முதல் அட்சய வரையான 60 ஆண்டுச் சுழற்சி ஒருமுறை முடியும்போது ஒரு நாள் நழுவுகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். 1400 ஆண்டில் 23 நாள். அன்று இரவும் பகலும் சமமாகும் நாளை ஒட்டி வந்த சித்திரை முதல் நாள், இன்று ஏப்ரல் 14-இல் நிற்கிறது. பொங்கலின் 23 நாளும் இதே கணக்குதான்.

நம் முன்னோர் கணக்குத் தெரியாதவர்கள் அல்லர். அவர்கள் நட்சத்திரங்களை அடையாளமாக வைத்து ஆண்டை அளந்தார்கள். பூமியின் அச்சு பம்பரம்போல் மெதுவாகத் தலையாட்டுவதால், நட்சத்திர ஆண்டும் பருவ ஆண்டும் ஒன்றாக இருப்பதில்லை. 24 நிமிடத்தில் பெரும்பகுதி இதனால் வருவது. நூலை மட்டும் பார்த்து, வானத்தைப் பார்க்காமல் விட்டதுதான் தவறு என்பது சாஹாவின் நிலைப்பாடு.

1955-இல் குழுவின் அறிக்கை வெளியானது. 1956 பிப்ரவரி 16-ஆம் தேதி, டில்லியில் திட்டக்குழு அலுவலகத்துக்குப் போகும் வழியில் மாரடைப்பால் சாஹா இறந்தார். 62 வயது. குழு வகுத்த தேசிய நாட்காட்டி 1957 மார்ச் 22-இல், சக ஆண்டு 1879 சைத்ர மாதம் முதல் நாளாக நடைமுறைக்கு வந்தது. அதைப் பார்க்க அவர் இல்லை.

இன்றும் இந்திய அரசிதழில் அந்தத் தேதி அச்சாகிறது. ஆனால் வீட்டுச் சுவர்களுக்கு அது வரவில்லை. தமிழ்நாட்டிலும் சரி, இங்கும் சரி, பண்டிகைகள் பழைய பஞ்சாங்கப்படியே நடக்கின்றன. அரசு ஆணையால் பழக்கத்தை மாற்ற முடியவில்லை.

ஆனாலும் சாஹாவின் கணக்கை நாமே சோதிக்கலாம். ஒரு மீட்டர் குச்சியைச் செங்குத்தாக நட்டு, பகல் ஒரு மணிக்குப் பிறகு நிழல் மிகக் குட்டையாகும் நேரத்தில் அளந்து பாருங்கள். கேமரன் மலையில் டிசம்பர் 22 அன்று அது சுமார் 53 சென்டிமீட்டர் இருக்கும். ஜனவரி 14-க்குள் சுமார் 48 ஆகக் குறைந்துவிடும். பொங்கல் பானை வைப்பதற்கு மூன்று வாரம் முன்பே சூரியன் திரும்பிவிட்டது என்று அந்த 5 சென்டிமீட்டர் சொல்லும். பனிமூட்டம் மட்டும் வழிவிட வேண்டும்.

எங்கள் வீட்டில் தை முதல் நாளில்தான் பொங்கல் வைப்போம். அந்த 23 நாள் எங்கிருந்து வந்தது என்று தம்பி தங்கைகள் கேட்டால், இனி என்னிடம் பதில் உண்டு.