கணக்கு நேராக வைத்த சிதம்பரனார்

அய்யா துணை

காணிக்கை போட்டுத் தெய்வத்தின் அருளை வாங்க வேண்டாம் என்றும், பிறரிடம் கைக்கூலி கேட்க வேண்டாம் என்றும் அய்யா வைகுண்டர் அன்புக்கொடி மக்களுக்குப் போதித்தார். இரண்டும் ஒரே பாடம்தான். விற்கக் கூடாததை விற்பதும், வாங்கக் கூடாததை வாங்குவதும் கலியின் வேலை. பதியில் நின்று இதைக் கேட்கும்போது மனம் உடனே ஒப்புக்கொள்கிறது. கடையில் தராசைப் பிடிக்கும்போதும், அலுவலக மேசைக்கு ஒரு ஏழையின் மனு வரும்போதும், தேர்தல் நேரத்தில் ஒருவர் வீட்டுக் கதவைத் தட்டும்போதும்தான் அது கடினமாகிறது.

அந்தக் கடினமான இடங்களில் எல்லாம் நேராக நடந்து காட்டியவர் கப்பலோட்டிய தமிழர் வ.உ.சிதம்பரனார். அவர் சைவ சமயத்தில் பிறந்து வளர்ந்தவர். ஆயினும் அவர் வாழ்க்கை, தர்மத்தின் வழியில் நடக்க விரும்பும் எல்லோருக்கும் பாடமாகும்.

சிதம்பரனார் 1872ஆம் ஆண்டு செப்டம்பர் 5ஆம் நாள் ஒட்டப்பிடாரத்தில் பிறந்தார். தந்தை உலகநாத பிள்ளை. தாய் பரமாயி அம்மாள். தந்தை பெயர் பெற்ற வக்கீல். மகனும் சட்டம் படித்து, சொந்த ஊரிலேயே தொழில் தொடங்கினார். ஏழைகளிடம் பணம் வாங்காமலே அவர்களுக்காக வாதாடினார். தந்தை வசதி படைத்தோர் பக்கம் நிற்க, மகன் அதே வழக்கில் ஏழையின் பக்கம் நின்றதும் உண்டு. இதனால் காவல்துறையினரின் பகை வளர்ந்தது. தந்தை கவலைப்பட்டு மகனைத் தூத்துக்குடிக்கு அனுப்பிவைத்தார். போன இடத்திலும் மகன் தம் வழக்கத்தை மாற்றிக்கொள்ளவில்லை.

வீட்டிலும் அவர் அப்படியே இருந்தார். தாழ்த்தப்பட்ட குலத்தில் பிறந்த, கண் பார்வையற்ற துறவி ராமையா தேசிகரைத் தம் வீட்டில் தங்கவைத்து உணவளித்தார். ஊரார் முணுமுணுத்தார்கள். உறவினர் முகம் சுளித்தார்கள். சிதம்பரனார் தம் மனைவி வள்ளியம்மையின் எண்ணத்தைக் கேட்டார். அந்த அம்மையாரும் தயங்காமல் தம் கையாலேயே தேசிகருக்கு அமுது படைத்தார். மேடையில் சமத்துவம் பேசுவது எளிது. வீட்டு அடுப்படி வரையில் அதைக் கொண்டுவருவது கடினம். துவையல் பந்தியில் எல்லோரையும் ஒன்றாக அமரவைத்த அய்யாவின் மக்களுக்கு இதன் அருமை நன்கு தெரியும்.

அக்காலத்தில் தூத்துக்குடிக்கும் கொழும்புக்கும் இடையே கப்பல் போக்குவரத்து ஓர் ஆங்கிலக் கம்பெனியின் கையில் இருந்தது. அவர்கள் வைத்ததே கட்டணம். இதை மாற்றுவதற்காக 1906ஆம் ஆண்டு அக்டோபர் மாதம் சுதேசி ஸ்டீம் நாவிகேஷன் கம்பெனியைச் சிதம்பரனார் தொடங்கினார். மூலதனம் 10 லட்சம் ரூபாய். அதை ஒரு பங்கு 25 ரூபாய் வீதம் 40,000 பங்குகளாகப் பிரித்தார்கள். பாண்டித்துரைத் தேவர் கம்பெனியின் தலைவராக இருந்தார். பெரிய வணிகர்களோடு சாதாரண மக்களும் தங்கள் சேமிப்பைக் கொண்டுவந்து தந்தார்கள். சிதம்பரனார் என்ற ஒரு மனிதரின் வார்த்தையை நம்பியே பலர் அந்தப் பணத்தைத் தந்தார்கள் என்பதை எண்ணிப் பார்க்க வேண்டும்.

முதலில் வாடகைக் கப்பல்களை ஓட்டினார்கள். ஆங்கிலக் கம்பெனி அதற்கும் முட்டுக்கட்டை போட்டது. சிதம்பரனார் பம்பாய் வரை சென்று அலைந்து, சொந்தக் கப்பலுக்கு வழி செய்தார். 1907ஆம் ஆண்டு காலியா, லாவோ என்ற இரண்டு கப்பல்களும் தூத்துக்குடிக்கு வந்து சேர்ந்தன. எதிர்க் கம்பெனி கட்டணத்தைக் குறைத்துக்கொண்டே போயிற்று. முடிவில் பயணிகளை இலவசமாகவே ஏற்றிச் செல்லவும் துணிந்தது. அதுவும் பலிக்காதபோது, கம்பெனியை விட்டு விலகினால் பெருந்தொகை தருவதாகச் சிதம்பரனாருக்கே ஆசை காட்டினார்கள் என்று அவர் வரலாற்றை எழுதியோர் சொல்கிறார்கள். அவர் அதைத் தொடவில்லை. பங்கு வாங்கிய மக்களின் நம்பிக்கையை விற்றுத் தம் வீட்டைக் கட்டிக்கொள்ள அவருக்கு மனம் வரவில்லை.

1908ஆம் ஆண்டு பிப்ரவரி மாதம் தூத்துக்குடி கோரல் மில் தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் செய்தார்கள். கூலி உயர்வும் வாரத்தில் ஒரு நாள் ஓய்வும் அவர்கள் கேட்டவை. சிதம்பரனாரும் சுப்பிரமணிய சிவாவும் அவர்களுக்குத் துணை நின்றார்கள். மில் நிர்வாகம் இறங்கிவந்தது. சிதம்பரனாரோ மில் தொழிலாளி அல்லர். கம்பெனி நடத்தும் முதலாளிகளின் வரிசையில் இருந்தவர். தம் கப்பல் தொழிலைக் காப்பாற்றிக்கொள்ள ஆட்சியாளரின் தயவு வேண்டியிருந்த நேரம் அது. அந்த நேரத்திலும் அவர் கூலிக்காரரின் பக்கமே நின்றார்.

உடனே சோதனை வந்தது. மாவட்டக் கலெக்டர் விஞ்ச் அவரைத் திருநெல்வேலிக்கு அழைத்தார். ஜில்லாவை விட்டு வெளியேற வேண்டும், அரசியலில் ஈடுபடக் கூடாது, நன்னடத்தைக்கு ஜாமீன் தர வேண்டும் என்று நிபந்தனைகள் போட்டார். ஒப்புக்கொண்டிருந்தால் சிறை இல்லை. சொத்தும் தொழிலும் குடும்பமும் தப்பியிருக்கும். சிதம்பரனார் மறுத்தார். தம் சாதிக்குள் மட்டும் அடங்கியிருக்கச் சம்மதித்தால் விடுதலை என்று திருவிதாங்கூர் மன்னர் விதித்த நிபந்தனையை அய்யா மறுத்த வரலாறு அன்பர்கள் அறிந்ததே. நிபந்தனையோடு வரும் விடுதலை இன்னொரு விலங்கு என்பதைச் சிதம்பரனாரும் உணர்ந்திருந்தார்.

1908ஆம் ஆண்டு மார்ச் 12ஆம் நாள் அவர் கைதானார். மக்கள் கொதித்தெழுந்தார்கள். மறுநாள் திருநெல்வேலியில் நடந்த துப்பாக்கிச் சூட்டில் நான்கு பேர் மாண்டார்கள். ஜூலை 7ஆம் நாள் நீதிபதி பின்ஹே அவருக்கு 40 ஆண்டுத் தண்டனை விதித்தார். மேல்முறையீட்டில் அது 6 ஆண்டாகக் குறைந்தது. கோயம்புத்தூர், கண்ணனூர் சிறைகளில் அவர் வாடினார். வக்கீல் கோட்டு அணிந்த உடல் மாட்டைப் போலச் செக்கிழுத்தது. அந்த நிலையிலும் அவர் மனத்தைக் கெடவிடவில்லை. மெய்யறம் என்ற அறநூலைச் சிறையிலேயே எழுதினார். எண்ணத்தைச் செம்மை செய்யச் சொல்லும் ஜேம்ஸ் ஆலனின் நூலைத் தமிழாக்கினார்.

அவர் உள்ளே இருந்தபோதே வெளியே கம்பெனி நொடித்தது. 1911ஆம் ஆண்டு அதைக் கலைத்துவிட்டார்கள். காலியா கப்பல் போட்டிக் கம்பெனிக்கே விற்கப்பட்டது. செக்கிழுத்த வலியைவிட இந்தச் செய்தி அவரை அதிகம் வருத்தியது. பணம் போனதற்காக மட்டும் அவர் வருந்தவில்லை. எந்தக் கையிலிருந்து மக்களை மீட்க அந்தக் கப்பல் வந்ததோ, அந்தக் கைக்கே அது போய்ச் சேர்ந்தது.

1912ஆம் ஆண்டு டிசம்பர் மாதம் விடுதலையானபோது, வரவேற்கக் கூட்டம் இல்லை. வக்கீல் சன்னதும் பறிபோயிருந்தது. சென்னையில் குடியேறிச் சிறு வியாபாரங்கள் செய்து பார்த்தார். வறுமை விடவில்லை. தென்னாப்பிரிக்கத் தமிழர்கள் அவருக்கென்று திரட்டிய பணத்தில் காந்தியடிகள் வழியாக 347 ரூபாய் 12 அணா அவருக்கு வந்து சேரவே நெடுநாள் ஆயிற்று. தியாகி என்ற பெயரை முதலாக வைத்துப் பிழைக்கலாம் என்று அவர் ஒருநாளும் நினைக்கவில்லை.

பிற்காலத்தில் வாலஸ் என்ற ஆங்கிலேய நீதிபதியின் உதவியால் வக்கீல் சன்னது திரும்பக் கிடைத்தது. அந்த நன்றிக்காகத் தம் மகனுக்கு வாலேசுவரன் என்று பெயர் வைத்தார் சிதம்பரனார். ஆங்கில ஆட்சியால் எல்லாவற்றையும் இழந்தவர், நல்லது செய்த ஓர் ஆங்கிலேயரின் பெயரை வீட்டுக்குள் கொண்டுவந்தார். அநியாயத்தை எதிர்ப்பது வேறு, மனிதரை வெறுப்பது வேறு என்ற தெளிவு அவருக்கு இருந்தது.

அரசியலிலும் அப்படியே. 1920ஆம் ஆண்டு காங்கிரஸ் எடுத்த ஒத்துழையாமை முடிவு தமக்குச் சரியாகப் படாதபோது, அதை வெளிப்படையாகச் சொல்லி விலகி நின்றார். பெரும் கூட்டம் போகும் பக்கம் போயிருந்தால் பதவியும் புகழும் வந்திருக்கும். உள்ளொன்று வைத்துப் புறமொன்று பேச அவருக்குத் தெரியவில்லை.

கோவில்பட்டியில் சில ஆண்டுகள் வக்கீலாக இருந்தபின் தூத்துக்குடிக்கே திரும்பினார். 1936ஆம் ஆண்டு நவம்பர் 18ஆம் நாள் அங்கேயே காலமானார். மறைவதற்கு முன் அவர் ஓர் உயில் எழுதிவைத்தார். லட்சக்கணக்கில் மூலதனம் திரட்டிக் கப்பல் கம்பெனி நடத்தியவரின் அந்த உயிலில் தம் சிறு கடன்களை எல்லாம் பட்டியலிட்டிருந்தார். கடைகளுக்குத் தர வேண்டிய பாக்கியும் வீட்டு வாடகை பாக்கியும் அதில் இருந்தன. கடன்காரர் மறந்தாலும் தாம் மறக்கக் கூடாது என்று எழுதிவைத்த பட்டியல் அது.

இத்தனை நேர்மையாக வாழ்ந்து அவர் என்ன கண்டார் என்று கேட்போர் உண்டு. மாளிகை காணவில்லை. பெட்டியில் பணம் சேர்க்கவில்லை. ஆனால் லட்ச ரூபாய்க்கும் கடைப் பாக்கிக்கும் அவரிடம் ஒரே அளவுகோல்தான் இருந்தது. பெரிய கணக்கில் நேர்மையும் சின்னக் கணக்கில் ஏமாற்றும் அவரிடம் இல்லை. கடைசி நாளில் எவர் முகத்துக்கும் அஞ்சாமல் கண்மூட அவரால் முடிந்தது. அந்த நிம்மதியை எந்தப் பணத்துக்கும் வாங்க முடியாது.

நடுத்தீர்வை நாளில் எல்லோருடைய கணக்கும் பார்க்கப்படும். அதுவரை காத்திராமல் அன்றன்று இரவிலேயே அன்றைய கணக்கைப் பார்த்துக்கொள்வது நல்லது. நிறுவையில் குறைத்தது உண்டா, கூலியில் பிடித்தது உண்டா, கைமாற்று வாங்கித் திருப்பாதது உண்டா, ஓட்டுக்கு நீட்டிய பணத்தை வாங்கியது உண்டா என்று மனக் கண்ணாடியின் முன் நின்று கேட்க வேண்டும். இருந்தால் மறுநாள் காலையிலேயே திருப்பித் தந்துவிட வேண்டும். சிதம்பரனார் தம் சாவுக்கு முன் எழுதிய பட்டியலை, வாழும்போதே நாள்தோறும் எழுதி நாள்தோறும் தீர்ப்பவரிடம் கலிக்கு வேலை இல்லை.

அய்யா உண்டு.